வாசல் தெளித்த தண்ணீரில் நின்ற ஜாம்பி

விதி தெளிவாகவே இருக்கிறது. சூரியன் உதித்ததும் ஜாம்பி தீப்பற்றி எரிந்துபோக வேண்டும். நிழலில் நிற்பவர், தலைக்கவசம் அணிந்தவர், தண்ணீரில் நிற்பவர் ஆகியோருக்கு மட்டும் விலக்கு உண்டு. விதியை மனப்பாடம் செய்துவிட்டு விலக்கில் கோட்டைவிட்டவர்களை என் பணிக்காலம் முழுக்கப் பார்த்திருக்கிறேன். ஓய்வு பெற்ற பிறகு அந்த வரிசையில் என் மனைவியும் வந்து சேர்ந்தாள்.

இது சதுரக் கட்டிகளால் ஆன ஒரு கணினி விளையாட்டு. மண், மரம், மாடு, மேகம் எல்லாமே சதுரம். பகலில் வெட்டலாம், கட்டலாம், வெள்ளாமை செய்யலாம். இருட்டினால் ஜாம்பி எனப்படும் பிணங்கள் எழுந்து நடந்து வரும். எங்கள் ஒரே மகள் கனடாவுக்கு வேலைக்குப் போகும் முன் சூலூர் வீட்டில் அம்மாவைக் கணினி முன்னால் உட்காரவைத்து இதைக் கற்றுக்கொடுத்துவிட்டுப் போனாள். யார் எந்த நேரத்தில் வந்தாலும் திறந்திருக்கும்படி இருவருக்கும் பொதுவாக ஓர் உலகத்தை உண்டாக்கினாள். தொலைபேசியில் "சாப்டியா கண்ணு?" என்பதற்கு மேல் பேச்சு வளராத அம்மாவும் மகளும் அதற்குள் மணிக்கணக்கில் சேர்ந்து வேலி கட்டினார்கள்.

அங்கே ஊர்க்காரர்கள் என்று சிலர் உண்டு. நீண்ட மூக்கு, கட்டிய கை, எதைக் கேட்டாலும் "ம்ம்" என்ற ஒரே பதில். என் பழைய அலுவலகத்தை நினைவூட்டியதால் எனக்கு அவர்களை உடனே பிடித்துப்போயிற்று. அவர்களில் புத்தகம் விற்கும் ஒருவரை மகள் தொலைதூரக் கிராமத்திலிருந்து படகில் ஏற்றி, ஆறும் கடலும் கடந்து கொண்டுவந்து, அம்மாவின் வீட்டுக்கு அடுத்த வீட்டில் குடிவைத்தாள். அதுதான் அவள் அந்த உலகத்தில் கடைசியாகச் செய்த காரியம். கனடாவில் வேறு வேலைக்கு மாறியபின் அவள் உள்ளே வரவே இல்லை.

மனைவி மட்டும் தினமும் காலைப் பலகாரம் முடிந்ததும் போய்வந்தாள். நான் பக்கத்து நாற்காலியில் ஆலோசகர். பொறுப்பும் கிடையாது, அதிகாரமும் கிடையாது. ஆனால் விதிமுறைகளை எல்லாம் படித்து வைத்திருந்தேன்.

பாலைவனத்தில் திரியும் ஒரு வகை ஜாம்பி வெயிலில் எரிவதில்லை என்று சொன்னேன்.

"அவுரு எங்க வெள்ளகோயில் பக்கத்து ஆளா இருப்பாருங்க" என்றாள். அவள் பிறந்த ஊர் அது. "எங்கூர் வெயில்ல வளந்தவிய எந்த வெயிலையும் தாங்குவாங்க."

அந்தப் பாலைவனத்து ஆள் நீண்ட நேரம் தண்ணீருக்குள் மூழ்கிக் கிடந்தால் சாதாரண ஜாம்பி ஆகிறார். சாதாரண ஜாம்பி மேலும் மூழ்கிக் கிடந்தால் நீருக்கடியில் வாழும் மூழ்கிப் பிணம் ஆகிறார். படிப்படியாகத்தான் போக வேண்டும். நடுவில் ஒரு நிலையைத் தாண்டிக் குதிக்க முடியாது. இவ்வளவு ஒழுங்கான பதவி உயர்வு முறையை நான் அரசுப் பணியில்கூடக் கண்டதில்லை.

ஐப்பசியில் ஒரு நாள் விபரீதம் நடந்தது. விளையாட்டில் அப்போது விடியப் போகிற நேரம். விடிவதற்கு முன் வாசல் தெளிக்க வேண்டும் என்பது எங்கள் பக்கத்துப் பழக்கம். திரைக்குள்ளும் அவள் அதை விட்டதில்லை. தன் வாசலில் ஒரு வாளி, புத்தகக்காரர் வாசலில் ஒரு வாளி. அங்கே தண்ணீர் மண்ணில் இறங்காது, பரவி நிற்கும். கொஞ்ச நேரம் கழித்து வாளியிலேயே திரும்ப அள்ளிக்கொள்வாள். அன்று அள்ளுவதற்குள் மாட்டுக்குத் தீனி வைக்கப் போய்விட்டாள்.

சூரியன் வந்தது. காட்டோரம் நின்ற ஜாம்பிகள் விதிப்படி எரிந்தன. ஒன்று மட்டும் தடுமாறி நடந்து வந்து புத்தகக்காரர் வாசல் தண்ணீரில் கால் வைத்தது. தீப்பிடிக்கவில்லை. காலைக் கடமைக்குக் கிளம்பிய புத்தகக்காரர் தானே கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தார்.

மனைவி மண்வெட்டியோடு ஓடிவந்து அந்த ஜாம்பியை அடித்துச் சாய்ப்பதற்குள் எல்லாம் முடிந்திருந்தது. அதே உடையில், அதே மூக்கோடு, உடம்பெல்லாம் பச்சையாகி, கைகளை நீட்டியபடி தண்ணீரில் நின்றார் புத்தகக்காரர்.

"ஏனுங்க, செத்துப்போயிட்டாருங்களா?"

"இல்ல அம்மணி. நம்ம வெளையாட்டுக்கு வெச்சிருக்கிற நடுத்தரக் கடின நிலைல, கடிபட்டவங்கள்ல பாதிப்பேரு அப்பிடியே போயிருவாங்க, பாதிப்பேரு இப்பிடி எந்திரிப்பாங்க. இவரு நல்ல பாதில வந்திருக்காரு. மருந்து இருக்குது."

எந்த விசாரணையிலும் முதலில் காரணத்தை அகற்ற வேண்டும். மௌஸை வாங்கி, தண்ணீரை வாளியில் அள்ளினேன். அடுத்த நொடி புத்தகக்காரர் தீப்பற்றி எரிந்தார்.

"ஊத்துங்க! ஊத்துங்க! அய்யோ, எரியறாருங்க!"

ஊற்றினேன். அணைந்தது. எந்தத் தண்ணீர் அந்த ஜாம்பியைக் காப்பாற்றி இவரைக் கடிக்க வைத்ததோ, அதே தண்ணீர்தான் இவரை வெயிலிலிருந்து காத்து நின்றிருக்கிறது. விலக்கு எல்லோருக்கும் பொது.

"விதி விதின்னு படிச்சுப்போட்டு, இப்பிடித்தான் நோயாளியைக் கொளுத்துவீங்களா?" என்று மௌஸைப் பிடுங்கிக்கொண்டாள். அவர் நகர முடியாதபடி சுற்றி வேலி போட்டு மேலே பலகையில் கூரையும் போட்டாள். அதற்குப் பிறகுதான் மூச்சு விட்டோம். வேலிக்குள்ளிருந்து அவர் அவளைக் கடிக்கக் கை நீட்டினார்.

"கோவப்படாதீங்க, சித்த பொறுங்க" என்று அவருக்குச் சமாதானம் சொன்னாள். பிறகு என் பக்கம் திரும்பிய முகத்தில் சிரிப்பு இல்லை.

"பாப்பா கொண்டாந்து வெச்சவருங்க இவுரு. அவ மறுக்கா இதுக்குள்ள வருவாளோ என்னமோ. வந்தா இவுரு இருக்கோணும். இவுரும் இல்லீன்னா அவ எதுக்கு வாரா?"

மகளுக்குக் கைபேசியில் ஒரு செய்தி அனுப்பினேன். "புத்தகக்காரர் கடிபட்டார். காரணம்: அம்மா வாசல் தெளித்தது. தற்போது கூரையின் கீழ் உள்ளார். மேற்கொண்டு செய்ய வேண்டியதைத் தெரிவிக்கவும்." பதில் வரவில்லை. மறுநாளும் வரவில்லை. அலுவலகங்களின் மௌனம் எனக்குப் பழகியதுதான். மனைவிக்கு அப்படி இல்லை. அடுப்படியிலிருந்து வந்து வந்து என் கைபேசியைப் பார்த்துவிட்டுப் போனாள்.

மருந்து முறையைப் படித்துச் சொன்னேன். முதலில் பலவீனம் உண்டாக்கும் கஷாயத்தை அவர் மேல் எறிய வேண்டும். பிறகு தங்க ஆப்பிள் ஊட்ட வேண்டும்.

"ஏற்கனவே முடியாம நிக்கிறவரைப் பலவீனமாக்கறதா? இது எந்தூரு வைத்தியமுங்க?"

"நடைமுறை அப்பிடித்தான்."

"அதுவும் கையில குடுக்காம மூஞ்சில எறியறதா? மரியாதையாவா இருக்குது?"

ஆனாலும் அலைந்தாள். கஷாயத்தில் போடும் சிலந்திக் கண்ணுக்காக இருட்டுக் குகைக்குள் போனாள். தங்கத்துக்காகச் சுரங்கம் வெட்டினாள். வழியில் எலும்புக்கூடுகள் அம்பு விட்டு ஒரு முறை அவளைக் கொன்றேவிட்டன. கையில் இருந்ததெல்லாம் சிதறிப்போக, மீண்டும் முதலிலிருந்து. சூலூர் விமானப்படைத் தளத்து விமானம் வீட்டுக்கு மேலே இரைந்து போகும் நேரங்களில் திரைக்குள் பின்னால் வரும் ஜாம்பியின் முனகல் காதில் விழாது என்பதால், என்னைப் பின்பக்கம் பார்க்கும் வேலைக்கு நியமித்தாள். ஓய்வுக்குப் பிறகு எனக்குக் கிடைத்த ஒரே மறுநியமனம்.

எல்லாம் சேர்ந்த அன்று, "மன்னிச்சுக்குங்க" என்று சொல்லிவிட்டுத்தான் கஷாயத்தை எறிந்தாள். ஆப்பிளை ஊட்டினாள். அவர் உடம்பு வெடவெடவென்று நடுங்கியது. பக்கத்தில் கட்டில் இருந்தால் சீக்கிரம் குணமாக வாய்ப்புண்டு என்றேன். தன் கட்டிலையே தூக்கிவந்து போட்டாள். அடுப்பில் குழம்பு அடிப்பிடிக்கும் வாசம் வந்தது. இருவரும் எழுந்திருக்கவில்லை.

நடுக்கம் நின்றது. பச்சை போய்ப் பழைய நிறம் வந்தது. புத்தகக்காரர் கைகளைக் கட்டிக்கொண்டு "ம்ம்" என்றார்.

மனைவி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். குணப்படுத்தியவருக்கு அவர் நன்றியாக விலையைக் குறைத்துத் தருவார் என்று சொன்னேன். "ஒடம்பு தேறி எந்திரிச்சவருகிட்டப் போயி பேரம் பேசுவாங்களா?" என்று வாங்க மறுத்துவிட்டாள்.

வாசல் தெளிப்பது மட்டும் நிற்கவில்லை. விலக்கை எடுத்துச் சொன்னேன். "தெளிக்காத வாசல்ல ஆருங்க வருவா?" என்றாள். தண்ணீர் அள்ளப்படும்வரை மண்வெட்டியோடு அங்கேயே காவல் நின்றாள். மார்கழி முழுக்க அப்படியே போயிற்று. மகளிடமிருந்து வாராவாரம் அழைப்பு வந்தது: வேலை, குளிர், சாப்பாடு. புத்தகக்காரரைப் பற்றி அவளும் கேட்கவில்லை, இவளும் சொல்லவில்லை.

மாட்டுப் பொங்கலன்று காலை, வாளியோடு விளையாட்டுக்குள் போனவள் தண்ணீர் ஊற்றவில்லை. எட்டிப் பார்த்தேன். இரண்டு வாசல்களிலும் மண்ணைத் தோண்டி வெள்ளைக் கட்டிகள் பதித்து யாரோ கோலம் போட்டிருந்தார்கள். நேர்க்கோடுகளால் மட்டுமே ஆன, வளைவே இல்லாத பெரிய கோலம். புத்தகக்காரர் வீட்டுக் கதவுக்குப் பக்கத்தில் ஒரு மரப்பலகை நட்டிருந்தது. மனைவி எழுத்துக் கூட்டுவதுபோல் மெதுவாகப் படித்தாள்.

"அம்மா, தண்ணி வேண்டாம். கோலம் போட்டுட்டேன். அவரு நல்லா இருக்காரு, பாத்தேன். ஞாயித்துக்கிழமை வாரேன்."

நான் அனுப்பிய செய்திக்கு உரிய வழியில் இன்றுவரை பதில் இல்லை. வாசல் வழியாக வந்த பதிலின் தேதி, தை இரண்டு.