அம்மா கூண்டில் ஏறாத நாள்

கூடப் பிறந்த அண்ணன் மேலேயே நான் கேஸ் போட்டேன். இதை எழுதும்போதுகூடக் கை கூசுது. ஆனா எங்க குலசாமி சாஸ்தா எனக்குச் செஞ்சதைச் சொல்லணும்னா, இங்க இருந்துதான் தொடங்கணும்.

நான் பிறந்தது இலஞ்சி. கட்டிக்கொடுத்தது செங்கோட்டை. எங்க அப்பாவுக்குச் சிற்றாத்துத் தண்ணி பாயுத வயல் இருந்துது. உயில் எதுவும் எழுதாமலே அப்பா இறந்துட்டாங்க. அம்மாவை அண்ணன்தான் வச்சுப் பார்த்தான். வயலையும் அவன்தான் பயிர் வச்சான். நானும் ஒண்ணும் கேட்கலை. வருஷம் ஓடிட்டு.

குற்றாலம் ரோட்டை ஒட்டின நிலமெல்லாம் பிளாட் ஆகிட்டு இருந்த சமயம். எங்க வயலையும் விலை பேசுதாங்கன்னு காதுல விழுந்துது. என் வீட்டுக்காரர் செல்போனில் பட்டாவை எடுத்துப் பார்த்தார். அண்ணன் பேர் மட்டும்தான் இருந்துது. விசாரிச்சப்போதான் தெரிஞ்சுது, வாரிசுச் சான்றிலேயே என் பேர் இல்லை. எங்க அப்பாவுக்கு நான் மகளே இல்லைங்கிற மாதிரி.

அண்ணனுக்குப் போன் பண்ணினேன். "உன் கல்யாணத்துக்குப் போட்ட நகை எதுல வந்துதுன்னு நினைக்க? அந்த வயல்லதான். உன் பங்கு அன்னைக்கே முடிஞ்சு போச்சு"ன்னு சொல்லிப் போனை வச்சுட்டான். அதுக்குப் பிறகு என் போனை எடுக்கவே இல்லை.

தென்காசி கோர்ட்டில் கேஸ் போட்டோம். விற்பனை நின்னுது. அதோட நான் பிறந்த வீட்டுக்குப் போறதும் நின்னுது. அம்மாவைப் பார்க்கணும்னா அண்ணன் வாசப்படி ஏறணும். என்னால முடியலை. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நடந்ததுகூடப் பக்கத்து வீட்டு அக்கா சொல்லித்தான் தெரியும். பங்குனி உத்திரத்துக்கு சாஸ்தா கோயிலில் அவங்க ஒரு மூலையில் பொங்கல் வச்சாங்க, நாங்க ஒரு மூலையில். அம்மா அங்கன இருந்து என்னையே பார்த்துக்கிட்டு இருந்தா. நான் எந்திரிச்சுப் பக்கத்துல போயிருக்கலாம். போகலை.

போன வருஷம் ஆடியில் ஒரு வாய்தா. அண்ணன் தரப்பில் அம்மாவைச் சாட்சிக் கூண்டில் ஏத்தப் போறாங்கன்னு எங்க வக்கீல் சொன்னார். 'மக தன் பங்கை வேண்டாம்னு சொல்லிட்டா'ன்னு அம்மா சொல்லணுமாம். அப்படிச் சொன்னா பெத்த மகளுக்குத் துரோகம். சொல்லாட்டா, சோறு போடுத மகனைக் காட்டிக் கொடுக்கணும். அவ எப்படித் தாங்குவா?

முந்தின நாள் தனியா சாஸ்தா கோயிலுக்குப் போனேன். அதுவரைக்கும் "கேஸ் ஜெயிக்கணும்"னுதான் கேட்டுக்கிட்டு இருந்தேன். அன்னைக்கு அது வாயில வரலை. "ஐயா, வயல் போனா போகட்டும். எங்க அம்மா அந்தக் கூண்டுல ஏறக் கூடாது"ன்னு விழுந்து அழுதேன்.

மறுநாள் தென்காசியில் ஒரே சாரல். கோர்ட் வராந்தா பெஞ்சில் அம்மா துண்டைப் போர்த்தி உட்கார்ந்திருந்தா. பக்கத்துல அண்ணன், அவன் வக்கீல். நான் கொஞ்சம் தள்ளித் தூண் ஓரமா நின்னேன். கூப்பிடப் போற நேரம். அம்மா அண்ணன் கையைப் பிடிச்சுக் கேட்டா:

"எய்யா, உள்ள போயி நான் என்ன சொல்லணும்? இன்னொரு தடவை சொல்லிக் குடு. மறந்து மறந்து போகுது."

அவ குத்திக் கேட்கலை. நிஜமாவே தெரியாமத்தான் கேட்டா. அண்ணன் அவ துண்டை இழுத்துச் சரியாப் போர்த்தி விட்டான்.

"சொல்லுங்க அண்ணாச்சி, நேரமாகுது"ன்னார் வக்கீல்.

அண்ணன் முகம் கோணிட்டு. "நீ ஒண்ணும் சொல்ல வேண்டாம்மா. வா, வீட்டுக்குப் போவோம்"னு சொல்லி, அவ காலடியிலேயே உட்கார்ந்து அழுதான். பிறகு நான் நிக்கிறதைப் பார்த்தான்.

"ஏட்டி, இங்கன வா."

அவன் என்னை அப்படிக் கூப்பிட்டு எத்தனை காலம் ஆச்சு! என் சாஸ்தா காது கொடுத்துக் கேட்டுட்டார்னு எனக்கு அந்த இடத்திலேயே தெரிஞ்சுது.

சமாதானமாப் போறோம்னு எழுதிக் கொடுத்தோம். வயலைப் பாகம் பிரிச்சு, என் பங்குக்குத் தனிப் பட்டா வந்துட்டு. ஆனா அதைப் பார்க்க அம்மா இல்லை. ஐப்பசி மழையில் காய்ச்சல் வந்து போயிட்டா. கடைசி மாசங்கள் நான் கூட இருந்து தலை வாரி விட்டேன், கஞ்சி கொடுத்தேன். அது சாஸ்தா எனக்குப் போட்ட பிச்சை. அதுக்கு முந்தி போன வருஷங்களை இனி யார் தருவா? பட்டாவைக் கையில் வாங்கின அன்னைக்கு எனக்குச் சந்தோஷமே வரலை.

உங்க வீட்டிலும் இப்படிச் சொத்து வழக்கு இருந்தா, நம்பிச் சாமிகிட்ட போங்க. அவர் கைவிட மாட்டார். ஆனா என்னத்தைக் கேட்கணும்னு தெரிஞ்சுக்கவே எனக்கு அத்தனை காலம் ஆயிட்டு. நீங்க அவ்வளவு தாமதிக்காதீங்க. பெத்தவங்க உயிரோட இருக்கும்போதே கேட்டிருங்க.