‘வேண்டாம்’ என்னும் பொத்தான்

தன் வீட்டுக்கு யார் வந்தாலும் அரைக்கை வைஃபை கடவுச்சொல்லைக் கேட்காமலே கொடுத்துவிடுவாள். தண்ணீர் கேன் போட வருபவருக்குக்கூட அது மனப்பாடம். டிவிக்குக் கீழே குந்தியிருக்கும் வீடியோ விளையாட்டுப் பெட்டிக்கு மட்டும் கொடுக்கமாட்டாள். “இது வெளியாளுங்களோட பேசக் கூடாது, பேசினா கெட்டுப் போயிடும்” என்பாள். பெற்ற மகளைக்கூட அவள் இத்தனை கண்டிப்பாக வளர்த்ததில்லை என்று அவள் கணவர் வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரிப்பார்.

அரைக்கை என்பது தொழிற்சாலை வைத்த பெயர். டப்பாக்களுக்குத் தகர மூடி அடிக்கும் பிரஸ் மெஷினை அவள் பல வருடம் ஓட்டினாள். ஒரு நாள் கைக்குக் காவலாக இறங்க வேண்டிய தட்டு இறங்கவில்லை, மெஷின் இறங்கிவிட்டது. வலது கையின் கட்டைவிரல் போனது. மற்ற விரல்கள் தப்பினவே தவிர மடங்க மறுத்தன. நிர்வாகம் ஒரு பூங்கொத்தையும், வீட்டில் நன்றாக ஓய்வெடுங்கள் என்ற அறிவுரையையும் கொடுத்து அவளைக் கை கழுவப் பார்த்தது.

அவளா போவாள்? காயம் ஆறியதும் சீருடையை மாட்டிக்கொண்டு தன் ஷிஃப்டுக்குச் சரியாக வந்து தொழிற்சாலை வாசலில் நடுவழியில் உட்கார்ந்துவிட்டாள். மேலாளரின் கார் அவளைச் சுற்றிக்கொண்டுதான் உள்ளே போக வேண்டியிருந்தது. “இது என் ஷிஃப்ட். வேலையைக் கொடுங்க, இல்லேன்னா தூக்கிட்டுப் போய்ப் போடுங்க” என்றாள். சுற்றிச் சுற்றி மேலாளருக்கே தலை சுற்றியிருக்க வேண்டும். லாரிகளை நிறுத்து அனுப்பும் எடைமேடையில் வேலை கிடைத்தது. இடது கையால் எழுதப் பழகினாள். முதுகுக்குப் பின்னால் ‘அரைக்கை’ என்று யாரோ சொன்னது காதில் விழுந்தபோது அந்தப் பெயரைத் தன் சாப்பாட்டு டப்பாவின் மேலேயே பெயின்டால் எழுதிவைத்தாள். “பின்னாடி சொன்னாத்தான் கேலி. முன்னாடி சொல்லுங்க, பேராயிடும்” என்றாள். அன்றிலிருந்து கேலி செய்கிறவர்களுக்குச் சுவாரசியம் போய்விட்டது, பெயர் மட்டும் நிலைத்தது.

ஆனாலும் ஒன்று உண்டு. வலது கையை அவள் யாருக்கும் காட்டமாட்டாள். எந்த வெயிலிலும் மேலே ஒரு சட்டை, அதன் பையில் அந்தக் கை. வாய்க்கு வாய் பேசுகிறவளுக்கு அந்த ஒரு விஷயத்தில் மட்டும் வெட்கம் இருந்தது. அதைப் பற்றிக் கணவர்கூட வாயைத் திறப்பதில்லை.

விளையாட்டுப் பெட்டி மகளுடையது. வேலை கிடைத்து வெளியூர் போனபோது விட்டுப்போனாள். ஆஸ்பத்திரியில் விரல்களுக்குப் பயிற்சி என்று கொடுத்த ரப்பர் பந்தை அமுக்கி அமுக்கி அலுத்துப்போயிருந்த நேரம். கார் பந்தய விளையாட்டு ஒன்றைப் பழைய சாமான் கடையில் வாங்கிவந்து போட்டுப் பார்த்தாள். படமெல்லாம் பிரமாதம். ஆனால் வேகத்துக்கான பொத்தான் வலது பக்கம் இருந்தது, அதை அமுக்கக் கட்டைவிரல் வேண்டும். பொத்தானை இடம் மாற்ற முடியுமா என்று கம்பெனிக்கு எழுதிக் கேட்டாள். ‘இந்த மாடலில் அந்த வசதி இல்லை. தங்கள் புரிதலுக்கு நன்றி’ என்று பதில் வந்தது.

“நான் எங்கடா புரிஞ்சுக்கிட்டேன்?” என்று அரைக்கை திரையைப் பார்த்தே கத்தினாள். பெட்டியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தெருமுனையில் செல்போன் பழுது பார்க்கும் பெண்ணிடம் போனாள்.

“இதுல கம்பெனி போட்டிருக்கிற பூட்டைத் திறக்கணும்க்கா. திறந்துட்டா நம்ம இஷ்டத்துக்குப் பொத்தானை மாத்திக்கலாம். ஆனா கேரண்டி போயிடும்” என்றாள் அந்தப் பெண்.

“என் கேரண்டியே போயிடுச்சு, இதுக்கென்ன? நீ திறம்மா.”

பூட்டு திறந்தது. தையல் மெஷின் மோட்டாரின் மிதிகட்டை ஒன்றை ஒயரால் இணைத்து, வேகத்தை அவள் வலது காலுக்குக் கொண்டுவந்தார்கள். மற்றதெல்லாம் இடது கைக்கு வந்தது. முதல் முறை கார் ஓடியபோது அரைக்கை அழுதுவிட்டாள். அழுதுகொண்டே பத்துச் சுவரில் மோதினாள். செல்போன் கடைப் பெண் ஒன்றே ஒன்று எச்சரித்தாள். பெட்டி தன்னைத் தானே புதுப்பித்துக்கொள்ளக் கூடாது. பெட்டியின் மென்பொருள் புதிதானால் பூட்டு திரும்ப விழுந்துவிடும், இந்த மாடலில் மறுபடி திறக்கவும் வழியில்லை, மிதிகட்டை செத்துப்போகும். விளையாட்டுக்கு மட்டும் புது அப்டேட் வந்தால் அதைப் பென்டிரைவில் வாங்கிவந்து கையாலேயே போட்டுக்கொள்ளலாம். அன்றிலிருந்துதான் அந்த வீட்டில் பெட்டிக்கு வெளியுலகத் தொடர்பு அறுந்தது.

இந்தக் கதைக்குள் அவள் கொழுந்தன் மூக்கை நுழைக்கிறான். கணவரின் தம்பி, அதே குடியிருப்பில் இரண்டு மாடி தள்ளி இருக்கிறான். நல்லவன்தான், ஆனால் நாலு பேர் கூடும் இடத்தில் தானே நடுவில் நிற்க வேண்டும். குடியிருப்பின் பொது அறையில் கார் பந்தயப் போட்டி வைக்கப்போவதாக அறிவித்தான். ஆளுக்கொரு பெட்டி கொண்டுவர வேண்டும், எல்லாவற்றையும் ஒயரால் இணைத்து ஒரே பந்தயமாக ஓட்டுவார்கள். அரைக்கை முதல் ஆளாகப் பேர் கொடுத்தாள்.

கொழுந்தன் தலையைச் சொறிந்தான். “அண்ணி, அதுல ஒரு சிக்கல். எல்லார் பெட்டியிலயும் விளையாட்டு ஒரே வெர்ஷன்ல இருக்கணும். இல்லேன்னா ஒண்ணோட ஒண்ணு சேராது. இப்ப ஒன்று புள்ளி ஏழு வந்திருக்கு. உங்க பெட்டிதான் நெட்டுப் பக்கமே போகாதே.”

“அப்போ?”

“நீங்க வந்து பாருங்களேன். முன் வரிசையில சேர் போடறேன்.”

அது அவளைச் சுருக்கென்று குத்தியது. பூங்கொத்துக் கொடுத்தவர்களும் இதே குரலில்தான் பேசினார்கள். “சேரை நீ வச்சுக்கோ தம்பி. நான் ஒன்று புள்ளி ஏழோட வரேன்” என்று சொல்லிவிட்டுப் படியேறினாள்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வேலை ஆரம்பமானது. செல்போன் கடைப் பெண் பென்டிரைவில் இரண்டு ஃபோல்டர் போட்டுக் கொடுத்திருந்தாள். ஒரே விளையாட்டைக் கம்பெனி இந்த நாட்டுக்கு ஒரு விதமாகவும் வெளிநாட்டுக்கு ஒரு விதமாகவும் விற்கிறது. எந்த நாட்டு டிஸ்க்கோ அந்த நாட்டு அப்டேட்தான் ஒட்டும். அரைக்கை டிஸ்க் இருந்த கவரின் முதுகில் குறியீட்டைப் பார்த்தாள். இந்த நாட்டுடையது. அந்த ஃபோல்டரைத் திறந்து நிறுவச் சொன்னாள். பச்சைக் கோடு நகர்ந்து நகர்ந்து முடிந்தது. ‘நிறுவப்பட்டது’ என்று திரை சொன்னது.

விளையாட்டைத் திறந்தாள். கீழ் மூலையில் அதே பழைய ஒன்று புள்ளி நான்கு.

திரும்ப நிறுவினாள். ‘நிறுவப்பட்டது.’ ஒன்று புள்ளி நான்கு. மூன்றாவது முறையும் அதே கதை. துணி மடித்துக்கொண்டிருந்த கணவர், “அதுதான் ஆச்சு ஆச்சுன்னு சொல்லுதே, நீதான் நம்ப மாட்டேங்கறே” என்றார்.

“ஆச்சுன்னு சொல்லும். மெஷின் தட்டும்தான் இறங்கிடுச்சுன்னு விளக்கு எரிஞ்சுது. வாயை மூடிட்டுத் துணியை மடிங்க.”

கணவர் கோபித்துக்கொள்ளவில்லை. மடித்த துணியை அலமாரியில் வைக்கும்போதுதான், “நம்ம வீட்டுல எந்த டப்பாவுக்குள்ள எது இருக்குன்னு யாருக்குத் தெரியும். போன வாரம் சர்க்கரைன்னு எழுதியிருந்த டப்பாவுல இருந்து உப்பைக் கொட்டினேன்” என்று முணுமுணுத்தார்.

அரைக்கை நிமிர்ந்து உட்கார்ந்தாள். டிஸ்க்கை வெளியே எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தாள். நடுவளையத்தைச் சுற்றிப் பொடி எழுத்தில் இருந்தது வெளிநாட்டுக் குறியீடு. பழைய சாமான் கடைக்காரர் உடைந்த கவரைத் தூக்கிப் போட்டுவிட்டு வேறொரு கவரில் டிஸ்க்கைச் செருகி விற்றிருக்கிறார். இத்தனை நாளாக அவள் கவரின் பேச்சை நம்பியிருந்தாள். தவறான அப்டேட்டை அழித்தாள். சேமித்து வைத்த ஆட்டத்தையும் சேர்த்து அழிக்கவா என்று பெட்டி கேட்டது, வேண்டாம் என்றாள். இரண்டாவது ஃபோல்டரைத் திறந்தாள். பச்சைக் கோடு நகர்ந்தது. கீழ் மூலையில் ஒன்று புள்ளி ஏழு வந்து உட்கார்ந்தது. அவள் போட்ட கூச்சலில் அடுத்த வீட்டுக்காரர் கதவைத் தட்டிவிட்டார்.

போட்டியன்று பொது அறை நிரம்பியிருந்தது. கணவர் பெட்டியைத் தூக்கிவர, மிதிகட்டையைத் தானே எடுத்துக்கொண்டு வந்தாள். பெட்டியை ஒரு டிவியில் மாட்டியதும் மூலையில் வந்த எண்ணைப் பார்த்து, கொழுந்தன் முகத்தில் ஈயாடவில்லை. “பரவாயில்லையே அண்ணி” என்று சமாளித்துக்கொண்டு பொது அறையின் ஒயரை அவள் பெட்டியில் செருகினான்.

அந்த ஒயரின் மறுமுனையில் இணையமும் இருந்தது. அவனுக்கு அது நினைவில் இல்லை. திரையில் ஒரு கேள்வி பளிச்சென்று வந்தது. பெட்டிக்குப் புதிய மென்பொருள் தயார். புதுப்பிக்கவா, வேண்டாமா?

“இதோ இதுவும் வந்துடுச்சு, ஒரு நிமிஷம்தான்” என்று கொழுந்தன் அவள் கன்ட்ரோலரை எடுத்தான். விரல் பொத்தானுக்குப் போய்விட்டது.

அவள் இடது கையில் மிதிகட்டை இருந்தது. யோசிக்க நேரமில்லை. சட்டைப் பையிலிருந்து வலது கை வெளியே வந்து அவன் விரல்களின் மேல் அப்படியே அழுந்தி நின்றது. கட்டைவிரல் இருந்த இடத்தில் தழும்பு பளபளத்தது. கொழுந்தன்கூட அந்தக் கையை அவ்வளவு கிட்டத்தில் பார்த்ததில்லை.

“அதை அமுக்கினேன்னா நான் ஓட்டற வழி போயிடும்” என்றாள். வலது கையை எடுக்காமலே மிதிகட்டையைக் கீழே வைத்தாள், இடது கையால் கன்ட்ரோலரை வாங்கினாள், ‘வேண்டாம்’ பொத்தானை அமுக்கினாள். பிறகு குனிந்து, ஒயர்களெல்லாம் சேரும் இடத்தில் இணையத்துக்கான ஒயரை மட்டும் பிடுங்கினாள்.

பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. “பூட்டு உடைச்ச பெட்டியா? அப்போ ஏமாத்து வேலைதானே?”

“வாங்க சார், யாரு அது? உக்காந்து ஓட்டிப் பாருங்க. தம்பி, நீதானே சாம்பியன், நீயே உக்காரு.”

கொழுந்தன் உட்கார்ந்தான். காலை வைத்தான். கார் சீறிக்கொண்டு போய்ச் சுவரில் முட்டியது. பின்னால் எடுத்தான், எதிர்ச் சுவரில் முட்டியது. கைக்குத் தெரிந்தது காலுக்குத் தெரியவில்லை. ஒரு வளைவைக்கூட அவனால் தாண்ட முடியவில்லை. பின்னாலிருந்து கேட்டவரும் சேர்ந்து அறையே சிரித்தது. கொழுந்தன் அசடு வழிய எழுந்தான், ஆனால் அவன் கண் கலங்கியிருந்தது.

“அண்ணி, இது இவ்வளவு கஷ்டம்னு எனக்குத் தெரியாது. ஒண்ணு செய்வோம். உங்களுக்குத் தனியா ஒரு பந்தயம் வைக்கிறேன். தனிப் பரிசு. எல்லாரும் கை தட்டுவாங்க.”

மனசாரத்தான் சொன்னான். அதுதான் அவளுக்கு இன்னும் கோபத்தைக் கொடுத்தது.

“எனக்குத் தனியா எதுவும் வைக்காதே தம்பி. இந்த அப்டேட்டை எதுக்குப் போட்டேன்? உங்க எல்லாரோடயும் ஒரே ரோட்டுல ஓடணும்னுதான். தோத்தா எல்லாரோடயும் சேர்ந்து தோத்துக்கறேன். பந்தயத்தை ஆரம்பி, ஒரு கை பார்த்துடறேன்.”

பந்தயம் தொடங்கியது. ஆறு கார்கள். பாதி தூரம் வரை அரைக்கை மூன்றாவதாக ஓடினாள். கணவர் நாற்காலி மேலேயே ஏறி நின்றுவிட்டார். வீட்டில் மிதிகட்டை கம்பளத்தின் மேல் இருக்கும். இங்கே வழவழப்பான டைல்ஸ். அவள் வேகம் கூட்டக் கூட்ட மிதிகட்டை நகர்ந்துகொண்டே போனது. காலால் துழாவிப் பிடித்து மிதிப்பதற்குள் ஒருவர் முந்தினார், பிறகு இன்னொருவர், பிறகு இன்னொருவர். கடைசியாகத்தான் கோட்டைத் தொட்டாள். கொழுந்தன் முதலாவது.

வெள்ளைப் பலகையில் கொழுந்தன் வரிசையாகப் பெயர்களை எழுதினான். ஐந்தாவது பெயரோடு நிறுத்திவிட்டு மார்க்கரை மூடினான். எல்லாருக்கும் அது நல்ல மனசாகத்தான் பட்டது.

அரைக்கை எழுந்து பலகைக்குப் போனாள். அவன் கையிலிருந்து மார்க்கரை இடது கை விரல்நுனியால் பிடுங்கி, மூடியைப் பல்லால் கடித்துத் திறந்தாள். வழக்கமாக எழுதும் அந்தக் கையில் கன்ட்ரோலர் இன்னும் இருந்தது. அதைக் கீழே வைத்திருக்கலாம், வைக்கவில்லை. மடங்காத இரண்டு வலது விரல்களுக்கு நடுவே மார்க்கரைச் செருகிக்கொண்டு, ஆறாவது இடத்தில் ‘அரைக்கை’ என்று எழுதினாள். எழுத்து கோணிக்கொண்டு போனது, ஒன்றோடொன்று முட்டியது. ஆனால் கடைசி வரிசையில் இருந்தவர்களும் படிக்கும் அளவுக்குப் பெரிதாக இருந்தது.

“அடுத்த தடவை இதுக்கு அடியில ரப்பர் ஒட்டிட்டு வரேன்” என்று மிதிகட்டையைக் காட்டிச் சொன்னாள். கணவர் பெட்டியைத் தூக்கிக்கொண்டார். வெளியே நல்ல வெயில். அவள் மேல்சட்டையைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு, இரண்டு கைகளையும் வீசி நடந்தாள்.