அரண்மனை யன்னல்கள்

நான் பராமரிக்கப் போன முதியவர் ஓர் ஆங்கிலேயப் பிரபு. பரம்பரைப் பிரபு. போதாக்குறைக்கு, அரண்மனையில் பல வருடங்கள் அரச குடும்பத்தின் பக்கத்திலேயே நின்று வேலை பார்த்தவர். யாரை உள்ளே விடுவது, யாரை மனம் நோகாமல் திருப்பி அனுப்புவது என்பதெல்லாம் அவர் பொறுப்பு. மனைவி இறந்தபின் ரொறன்ரோவிலுள்ள மகளிடம் வந்துவிட்டார். காலையில் மகள் வேலைக்குப் போனதும் அவருக்குத் துணை நான்தான்.

இந்தச் செய்தி நாங்கள் இருக்கும் மல்வேர்ன் பகுதியில் பரவிய நாளிலிருந்து என்னை ஒருவரும் கோயிலில் நிம்மதியாகக் கும்பிட விடவில்லை. "பிள்ளை, அரண்மனைக்குள்ளை என்ன நடந்ததாம்? ஆரோடை ஆர் கதைக்கிறேல்லையாம்?" என்று அன்ரிமார் சூழ்ந்துகொள்வார்கள். எனக்கும் அறிய ஆசைதான். காலைக் கஞ்சி கொடுக்கும்போது மெல்லக் கதையை எடுப்பேன். அவர் மிகுந்த அக்கறையோடு கேட்பார்.

"அந்த யன்னல்கள் ஒன்றும் சரியாக மூடாது. குளிர் உள்ளே வந்துவிடும்," என்பார். பிறகு, உங்கள் ஊர் வீட்டு யன்னல்கள் எப்படி என்று கேட்பார். நானும் மடைச்சி மாதிரி எங்கள் குடும்பக் கதை முழுவதையும் கொட்டிவிட்டு வருவேன். பஸ்ஸில் ஏறியபிறகுதான் உறைக்கும்.

அப்போது என்னிடமும் ஒரு ரகசியம் இருந்தது. முன்பு ஒருமுறை லைசென்ஸுக்கான ரோட் டெஸ்டில் வாகனத்தை நிறுத்திக் காட்டும்போது கோட்டை விட்டிருந்தேன். என் கணவர் அதை ஒரு பிறந்தநாள் விழாவில் நடித்தே காட்டினார். மண்டபமே சிரித்தது, நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்து குளியலறையில் அழுதேன். இப்போது மறுபடி பழகத் தொடங்கியிருந்தேன். இந்த முறை தோற்றாலும் வென்றாலும் முடியும்வரை யாருக்கும் தெரியக்கூடாது என்று முடிவு செய்தேன்.

பிரபுவின் மகள் மதியம் திரும்பி, மாடியில் கணினியோடு இருந்துவிடுவார். என் வேலை அத்தோடு முடியும். கணவரோ மாலையில்தான் என்னை ஏற்ற வருவார். இடையில் கார் ஓட்டப் பழக்கும் அண்ணை பிரபுவின் வாசலிலேயே வந்து நிற்பார். கூரையில் பெயர்ப்பலகை வைத்த காரை மறைக்க முடியுமா? பிரபுவிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் தலையசைத்ததோடு சரி.

டெஸ்ட் அன்று திரும்பி வருகிறேன், வாசலில் எங்கள் வான் நிற்கிறது. கணவருக்கு வேலை நேரத்தோடு முடிந்துவிட்டதாம். அண்ணையின் காரிலிருந்து தெரு முனையிலேயே இறங்கி, பின்கதவால் உள்ளே போனேன். கூடத்தில் இருவரும் தேநீரோடு இருந்தார்கள். கணவர் கையை விரித்து, யாழ்ப்பாணத்து யன்னலின் அகலத்தைக் காட்டிக்கொண்டிருந்தார்.

பிரபு என்னைப் பார்த்தார். "போன காரியம் நல்லபடி முடிந்ததா?"

"முடிந்தது," என்றேன். அவருடைய ஒரு புருவம் மட்டும் மெல்ல உயர்ந்து இறங்கியது.

வெளியே வந்ததும் கணவர் சொன்னார்: "நல்ல மனிசன். எவ்வளவு நேரம் என்னோடை கதைச்சவர்."

"நான் எங்கை எண்டு கேக்கேல்லையோ?"

"ஓம், கேட்டனான்."

"என்ன சொன்னவர்?"

வான் கதவைப் பிடித்தபடி நெடுநேரம் யோசித்தார். "தேத்தண்ணி குடிக்கிறீங்களோ எண்டு கேட்டவர்."

நான் கையை நீட்டினேன். "வான் திறப்பைத் தாங்கோ. நான் பாஸ்." அவர் என்னையும் வானையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, மற்றப் பக்கம் போய் ஏறினார். வீடு வரும்வரை காலால் இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டு வந்தார். எனக்கோ அன்று நானே மகாராணி.

கோடையில் மகளிடம் கேட்டுக்கொண்டு, பிரபுவை ஏரிக்கரைக்கு ஓட்டிப் போனேன். தண்ணீரைப் பார்த்தபடி அமர்ந்தார். பிறகு, நான் கேட்காமலேயே, அரண்மனையில் தன் மனதை உடைத்த ஒரு விஷயத்தைச் சொன்னார். மனைவிக்குக்கூடச் சொன்னதில்லையாம். திரும்பும் வழியெல்லாம் நான் மெதுவாகவே ஓட்டினேன்.

அடுத்த வெள்ளி கோயிலில் அன்ரிமார் வழக்கம்போல வந்தார்கள். "இப்பவாவது ஏதும் சொன்னவரோ பிள்ளை?"

"ஓம் அன்ரி," என்றேன். "அங்கை யன்னல் ஒண்டும் வடிவாப் பூட்டுப்படாதாம். சரியான குளிராம். உங்கடை வீட்டு யன்னல் எப்பிடி?"