இரண்டாம் முறை நின்ற வரிசை

எங்கள் அண்ணன் மறைந்து ஓராண்டு நிறைகிற இந்நாளில் உற்றார் உறவினர், நண்பர்கள் கைகளில் இந்நினைவு மலரை வைக்கிறோம். புகழ்ந்தால் அண்ணனுக்குப் பிடிக்காது. ஆகவே அவர் செய்த பிழை ஒன்றையும் மறைக்காமல் எழுதுகிறேன். தங்கைக்கு அந்த உரிமை உண்டு.

அண்ணன் பிறந்தது அஞ்செட்டியில். ஓசூரில் மாமா வீட்டில் தங்கிப் படித்தார். தமிழில் எழுதுவார், கன்னடத்தில் அரட்டை அடிப்பார், கோபம் வந்தால் தெலுங்குதான். சென்னைப் பத்திரிகை ஒன்றுக்குக் கிருஷ்ணகிரி நிருபராக இருந்தார். பஞ்சத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதி அனுப்புவார். சினிமா விளம்பரத்துக்குக் கீழே நாலு வரி வரும். அந்த ஆத்திரத்தில் வேலையை விட்டு, சாவி கொடுத்து ஓட்டும் பழைய காமிராவுடன் செய்திப் படம் எடுக்கக் கிளம்பினார். வீட்டுக்கு வருவதே அபூர்வமாயிற்று. அண்ணியார் ஒரு வார்த்தை சொன்னதில்லை. அவருக்கும் சேர்த்து நானே சண்டை போட்டேன்.

மழை பொய்த்த வருஷம் உத்தனப்பள்ளியில் சர்க்கார் கஞ்சித் தொட்டி வைத்தது. ஆள் வருவதில்லை, மூடிவிடலாம் என்று பேச்சு எழுந்தது. காலையில் நிற்கும் வரிசையைப் படமெடுத்து அதிகாரிகளுக்குக் காட்ட அண்ணன் போனார். எடுத்து முடித்த பிறகுதான் காமிராவுக்குள் பிலிம் நகரவே இல்லை என்று தெரிந்தது. அதற்குள் எல்லோரும் கஞ்சி குடித்துவிட்டார்கள். மறுநாள்வரை பொறுக்க அவருக்கு மனமில்லை. பிலிமைச் சரிசெய்து, நடுப்பகலில் மறுபடி வரிசையில் நிற்கச் சொன்னார்.

கைக்குழந்தையுடன் இருந்த முனியம்மா என்ற கூலிக்காரப் பெண் தயங்கினாளாம். "இப்பதான குடிச்சோம் சாமி. பசியில்லாம எப்படி நிக்கறது?" என்றாளாம். ஆனாலும் அண்ணன் சொல்லைத் தட்டாமல் நின்றாள்.

படத்தைப் பார்த்த அதிகாரி, நிழல் காலடியில் விழுவதைக் கண்டுகொண்டார். காலையில் ஊற்றும் கஞ்சிக்கு உச்சி வெயிலில் வரிசையா என்று கேட்டார். எல்லாம் ஜோடனை என்று எழுதித் தொட்டியை மூடினார்கள். அண்ணன் காமிராவை வைத்துவிட்டு ஆபீஸ் ஆபீஸாக அலைந்தார். இரண்டு வாரம் கழித்துத்தான் திறந்தார்கள். அதற்குள் முனியம்மாவின் குழந்தை இறந்துவிட்டது. தொட்டி மூடும் முன்பே குழந்தைக்குக் காய்ச்சல் இருந்தது என்று பலரும் சொல்லிப் பார்த்தோம். அண்ணன் கேட்கவில்லை. ஊரார் முன்னால் நின்று, "என் அவசரத்தாலதான் மூடினாங்க" என்று சொல்லிவிட்டு வந்தார்.

அதன் பிறகு சாமல்பட்டிப் பக்கம் காலரா, கல்குவாரிச் சாவுகள் என்று எத்தனையோ எடுத்தார். யாரையும் இப்படி நில், அப்படி நில் என்று சொன்னதில்லை. கிடைக்காத காட்சியை விட்டுவிடுவார். கடைசியில் காசநோய் அவரைப் படுக்க வைத்தது. ஏழு மாதம் போராடினார்.

அவரைப் பார்த்துக்கொண்ட டாக்டருக்கும் நர்சுகளுக்கும், பிலிம் பெட்டிகளைக் காத்துவரும் நண்பர்களுக்கும், அடக்கத்துக்குத் தோள் கொடுத்தவர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

அடக்கத்தன்று உத்தனப்பள்ளியிலிருந்து முனியம்மாவும் வந்திருந்தாள். எங்கள் பிழையைப் பொறுக்கச் சொல்லிக் கையைப் பிடித்துக்கொண்டேன். அவள் சொன்னாள்:

"தப்பு பண்ணாரு, வந்து சொன்னாரு. மூடுனவங்க ஒருத்தரும் வரலீங்கம்மா."