தாடைக்குத் தெரிந்த வயது

ஞாயிற்றுக்கிழமை ஆனால் என் மகள் நகத்துக்குச் சாயம் பூச உட்கார்ந்துவிடுவாள். முகப்பேரில் எங்களுடையது சின்ன ஃபிளாட். ஜன்னலைத் திறந்து வைத்தாலும் வாடை சமையலறை வரை வந்துவிடும். அவளுக்கு அது நெயில் பாலிஷ். எனக்கு அது பல் டாக்டரின் பின்னறை. ரோஸ் நிறப் பொடியில் ஏதோ ஒரு திரவத்தை ஊற்றிக் குழைத்து அங்கே பல்லில் மாட்டும் பிளேட் செய்வார்கள். கிட்டத்தட்ட இதே வாடைதான் வரும். இந்த வயதிலும் உள்ளங்கை வியர்க்கிறது. "ஏம்ப்பா மூஞ்சி ஒரு மாதிரி போகுது?" என்றாள். அவளிடம் மழுப்பிவிட்டேன். உங்களிடம் என்ன, சொல்கிறேன்.

அப்போது நான் பிளஸ் ஒன். என் மேல்பற்கள் எனக்கு முன்னால் பள்ளிக்கூடம் போய்ச் சேரும். கீழ்த்தாடை உள்ளே ஒடுங்கி, மோவாய் என்ற ஒன்றே இல்லாததுபோல் இருக்கும். உதடு மூடாது. தூங்கும்போது வாய் திறந்தே கிடக்கும் என்று அம்மா வருத்தப்படுவாள். வகுப்பில் என் பெயர் தேங்காய் துருவி. அட்டென்டன்ஸ் எடுக்கும்போது மட்டும்தான் வேறு பெயர். போட்டோ எடுத்தால் கடைசி வரிசைக்கு ஓடிப்போய் உயரமானவன் பின்னால் நின்றுகொள்வேன். இன்றும் குரூப் போட்டோ என்றால் கால் தானாகப் பின்னால் போகிறது.

பள்ளியில் நடந்த பல் முகாமில்தான் அந்த டாக்டர் என்னைப் பிடித்தார். அம்பத்தூரில் கிளினிக் வைத்திருந்தார். எங்கள் ஹெட்மாஸ்டரின் தம்பி. பட்டாபிராமிலிருந்து அப்பாவும் நானும் ரயிலேறிப் போனோம். அப்பா அம்பத்தூர் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் லேத் ஓட்டுகிறவர். கிளினிக்குக்காகவே தைப்பொங்கல் சட்டையைப் போட்டிருந்தார்.

டாக்டர் மேஜையில் இருந்த மண்டையோட்டு பொம்மையை எடுத்து விளக்கினார். "மேல்தாடை சீக்கிரமே வளர்ந்து முடிஞ்சிடும். கீழ்த்தாடை லேட்டா வரும். பையன் திடீர்னு உயரமாகிற வயசு ஒண்ணு இருக்கு பாருங்க, அப்பதான் அதுவும் சேர்ந்து முன்னால வரும். அந்த நேரத்துல பிளேட் போட்டா முகமே மாறும். அது முடிஞ்சுபோச்சுன்னா தாடையை ஒண்ணும் பண்ண முடியாது. மேல ரெண்டு நல்ல பல்லை எடுத்துட்டு, மத்ததை உள்ள தள்ளணும். அதனாலதான் கேக்கறேன், வயசு என்ன?"

"பதினாறு நடக்குது சார்" என்றார் அப்பா.

டாக்டர் என் முகத்தையும் அப்பாவின் முகத்தையும் மாறிமாறிப் பார்த்தார். "பதினாறுன்னா அந்த வயசு தாண்டியிருக்கும். பல்லைத்தான் எடுக்கணும்" என்றார். எனக்குக் காது சுட்டது. ஏனென்றால் எனக்குப் பதினாலு முடிந்து நாலே மாதம்தான் ஆகியிருந்தது.

இந்த இடத்தில் கொஞ்சம் பின்னால் போக வேண்டும். எங்கள் தாத்தா காலம் வரை அடுத்தவர் வயலில் நடவு, அறுப்பு. வயலெல்லாம் மனையான பிறகு அப்பா கம்பெனிக்குப் போனார், அம்மா துணி எக்ஸ்போர்ட் கம்பெனிக்குப் போனாள். என்னை வீட்டில் பார்த்துக்கொள்ள ஆள் இல்லை. நாலு வயதுகூட நிரம்பாதவனைத் தூக்கிக்கொண்டு போய், ஐந்து முடிந்துவிட்டது என்று ஒன்றாம் வகுப்பில் உட்கார வைத்தார் அப்பா. நான் கொழுகொழு என்று இருந்ததால் யாரும் கேட்கவில்லை. வாத்தியாரே ஜூன் மாதத்தில் ஒரு தேதி போட்டுக்கொடுத்தார். எங்கள் வகுப்பில் பாதிப் பேர் ஜூனில் பிறந்தவர்கள்தான். எங்கள் தெருவில் குழந்தைகள் ஜூனில் மட்டும் பிறந்தார்கள் என்று நினைத்துவிடாதீர்கள்.

கிளினிக் படியிறங்கியதும் அப்பா என் கையைப் பிடித்து ஓரமாக இழுத்தார். "த பாரு, வாயத் தொறக்காத. அந்தாளு எட்மாஸ்டர் தம்பி. பத்தாவது மார்க்‌ஷீட்லயே அந்தத் தேதிதான் ஏறிக்கீது. இப்ப மாத்திச் சொன்னா சர்டிபிகேட்ட கிழிச்சுக் கைல குடுத்துருவானுங்கோ."

வீட்டில் அம்மா விடவில்லை. "நல்ல பல்ல புடுங்கறதாம், இவரு பாத்துகினு நிப்பாராம்" என்று சுவரைப் பார்த்துச் சொன்னாள். அப்பா சாப்பிடாமல் எழுந்து போனார். எனக்குக் கோபம் வந்தது. ஆனால் யார் மேல் என்று தெரியவில்லை. டாக்டரிடம் நானே சொல்லியிருக்கலாம். சொன்னால் படிப்பு போய்விடும் என்று நானும் நம்பினேன். தேங்காய் துருவியாக இருந்தாலும் நான் கணக்கில் முதல் மார்க்.

ஆனாலும் வலது பக்கப் பல்லை ஒரு சனிக்கிழமை, இடது பக்கப் பல்லை அடுத்த சனிக்கிழமை எடுப்பது என்று முடிவானது. முதல் சனிக்கிழமை ஊசி போடும் முன் டாக்டர் என்னிடமே கேட்டார். "போன வருஷத்துக்கு இந்த வருஷம் உயரம் ஏறியிருக்கியா?"

"இல்ல சார்."

அவர் பார்வை என் கால் பக்கம் போனது. பேன்ட் மடிப்பை அம்மா இரண்டு முறை பிரித்துவிட்டிருந்தாள். பழைய மடிப்பு இருந்த இடத்தில் இரண்டு கோடுகள் வெளுத்துத் தெரிந்தன. நான் காலை நாற்காலிக்கு அடியில் இழுத்துக்கொண்டேன். அவர் ஊசியைக் கையில் எடுத்தார். கோரைப்பல்லுக்கு அடுத்த பல்லைப் பிடுங்கும்போது வலி தெரியவில்லை, சத்தம் மட்டும் மண்டைக்குள் கேட்டது. சொத்தை இல்லாத, வெள்ளை வெளேரென்ற பல். அப்பா தட்டில் கிடந்த அதை ஒருமுறை பார்த்துவிட்டு வெளியே போய்விட்டார்.

அந்த ஒரு வாரமும் நாக்கு அந்தப் பள்ளத்தைவிட்டு நகரவே இல்லை.

இரண்டாவது சனிக்கிழமை காலை ரயிலில் கூட்டம். நான் மேலே தொங்கும் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அப்பா என்னையே பார்த்துக்கொண்டு வந்தார். ஆவடி தாண்டி, திருமுல்லைவாயலும் தாண்டியது. என்னத்தைப் பார்க்கிறார் என்று புரியாமல் எரிச்சலாக இருந்தது.

நாற்காலியில் சாய்ந்தாயிற்று. விளக்கு முகத்துக்கு நேரே வந்துவிட்டது. டாக்டர் ஊசியில் மருந்தை ஏற்றினார். நான் கண்ணை மூடிக்கொண்டு வாயைத் திறந்தேன்.

"சார், ஒரு நிமிசம்." அப்பா நாற்காலிக்குப் பக்கத்தில் வந்துவிட்டார். "பையனுக்குப் பதினாறு இல்ல. பதினாலு முடிஞ்சு நாலு மாசந்தான் ஆவுது. ஸ்கூல்ல சேக்கறதுக்காவ நாந்தான் பொய் சொன்னேன்."

டாக்டர் ஊசியைத் தட்டில் வைத்தார்.

"தீபாவளிக்கு என் தோளுக்கு இருந்தான் சார். இன்னிக்கு ரயில்ல பாக்கறேன், காதாண்ட வந்துகினான். இன்னும் வளந்துகினு கீறான். நீங்க இன்னா வேணா பண்ணுங்க. யாராண்ட வேணா சொல்லுங்க. அந்தப் பல்ல மட்டும் எடுக்காதீங்க."

"கேட்டேனேய்யா" என்றார் டாக்டர். அவருக்குக் கோபத்தைவிட வருத்தம்தான் அதிகம் இருந்தது. "போன வாரம் சொல்லியிருந்தா அந்தப் பல்லும் இருந்திருக்குமே."

"பயந்துட்டேன் சார்."

டாக்டர் தன் பங்குக்கு, போன வாரமே சந்தேகம் வந்தும் கை எக்ஸ்ரே எடுத்துப் பார்க்காமல் விட்டது தன் தப்பு என்றார். அன்றே எடுக்க அனுப்பினார். மணிக்கட்டு எலும்புகள் இன்னும் முழுதாகச் சேரவில்லை. வளர்ச்சி மிச்சம் இருந்தது. என் கேஸ் அட்டையில் இருந்த தேதியை அடிக்காமல், பக்கத்தில் பென்சிலை வைத்துக்கொண்டு, "உண்மையான தேதி?" என்றார். அப்பா யோசிக்கவே இல்லை. ஐப்பசி, தேதி, கிழமை, காலை எத்தனை மணி, வெளியே மழை என்பது வரை சொன்னார். ஹெட்மாஸ்டர் காதுக்கு எதுவும் போகவில்லை.

மேலே ஒன்று, கீழே ஒன்று என்று ரோஸ் பிளேட் வந்தது. வாயை மூடினால் கீழ்த்தாடையை முன்னால் கொண்டுவந்துதான் மூட முடியும். எச்சில் ஒழுகும். பேச்சு குழறி, சாம்பார் என்று கேட்டால் வாயில் வேறு ஏதோ வரும். ஒரு வருஷம் அப்படி ஓடியது. பிறகு ஒரு நாள் கண்ணாடியில் எனக்கு மோவாய் இருந்தது. வலது பக்கத்துப் பள்ளத்தில் பின்னால் பொய்ப்பல் கட்டினார்கள். அது இன்னும் இருக்கிறது.

அந்த கிளினிக் இப்போது செல்போன் கடை. அட்டைகள் எந்தப் பழைய பேப்பர்காரரிடம் போயினவோ. நான் பிறந்த நாளை உள்ளபடி எழுதி வைத்திருந்த ஒரே காகிதம் அது. மனைவிக்கும் மகளுக்கும் ஆபீசுக்கும் ஜூன்தான். நானும் திருத்தவில்லை.

அன்றைக்குப் பிறகு அப்பாவுக்கு அந்தத் தேதியைச் சொல்லும் பயம் போய்விட்டது. நான் வேலைக்கு வந்து தனியே இருந்த பிறகு, வருஷா வருஷம் ஐப்பசியில் காலையிலேயே போன் செய்வார். "இன்னா நைனா, இன்னிக்குத்தான்" என்பார். அவ்வளவுதான், வைத்துவிடுவார். அம்மா முன்பே போய்விட்டாள். அப்பா போன ஆடியில் போனார். ஐப்பசியில் அந்த நாள் வந்தது. போனைக் கையில் வைத்துக்கொண்டு பத்து மணி வரை உட்கார்ந்திருந்தேன்.