ஏழு குழாய் என்சைமும் நெல்லித்தோப்பு ஐஸும்

எல்லோரும் புதுச்சேரிக்குக் கடல் பார்க்கப் போவார்கள். நான் போன வியாழக்கிழமை கஞ்சி கரைக்கப் போனேன். திரும்பி வந்து இரண்டு நாள் நன்றாகத் தூங்கிவிட்டு இதை எழுதுகிறேன்.

சென்னையில் ஒரு பல்கலைக்கழகத்தில் புரதப் பொறியியல் என் வேலை. இயற்கையில் கிடைக்கும் புரதத்தில் அங்கங்கே மாற்றம் செய்து, அதை நமக்கு வேண்டியபடி உழைக்க வைப்பது. ஒன்பது வருடமாக நான் கட்டிக்கொண்டு அழுவது ஒரே என்சைம். ஆலைத் துணியிலிருந்து கஞ்சியை எடுப்பது அதன் வேலை. எண்பது டிகிரி சூட்டிலும் அசராது என்று கட்டுரை வெளியிட்டேன். கோயம்புத்தூரில் வேறோர் ஆய்வகத்தில் இருக்கும் திலகா, நான் அனுப்பிய மாதிரியைச் சோதித்துவிட்டு, தங்களிடம் வேலை செய்யவில்லை என்று எழுதினார். எட்டு மாதம் ஆகிறது. எங்களிடம் ஒவ்வொரு முறையும் வேலை செய்தது. மாத இறுதிக்குள் விளக்கம் வராவிட்டால் கட்டுரையைத் திரும்பப் பெற வேண்டும் என்று பத்திரிகை சொல்லிவிட்டது. அப்படி நடந்தால் என் ஆராய்ச்சிப் பிழைப்பு அதோடு சரி. உண்மையைச் சொன்னால், திலகாவின் கைமேல்தான் எனக்குச் சந்தேகம். மூன்றாவது ஒருவர் செய்து பார்க்கட்டும் என்று, மூலக்குளம் பக்கம் கல்லூரியில் வேலை பார்க்கும் என் வகுப்புத் தோழி ஜோஸ்பினிடம் கிளம்பினேன்.

காலை 6.10க்குத் திருவான்மியூரில் பேருந்து. டிக்கெட் 170 ரூபாய். மடியில் தெர்மாகோல் பெட்டி, உள்ளே ஐஸ், அதில் விரல் நீளத்தில் ஏழு குழாய்கள். உள்ளே இருப்பது மீனா என்று நடத்துனர் கேட்டுவிட்டு இரண்டு வரிசை தள்ளி நின்றுகொண்டார். மரக்காணத்துக்கு முன்னால் டயர் பஞ்சர், ஐம்பது நிமிடம் போனது. புதுச்சேரியில் இறங்கும்போது மணி 10.05. ஐஸ் தண்ணீராகியிருந்தது.

எண்பது டிகிரியைத் தாங்கும் புரதத்துக்கு ஐஸ் எதற்கு என்று கேட்பீர்கள். நியாயம்தான். ஆனால் புரதம் என்றாலே குளிரில் வை என்று படிக்கும் காலத்திலிருந்தே பழகிவிட்டது.

பேருந்து நிலையத்திலிருந்து மூலக்குளத்துக்கு ஆட்டோ 180 ரூபாய், சுமார் ஆறு கிலோமீட்டர்.

"பொட்டில என்னா மேடம்?" என்றார் ஓட்டுநர்.

"புரோட்டீன்ண்ணே. ஐஸ் உருகிடுச்சு."

"ஜிம்முக்குப் போற பசங்க கரைச்சிக் குடிக்கிறதா? அதுக்கா ஐஸு?" என்று சிரித்தார். "சரி, நெல்லித்தோப்பு மார்க்கெட்டாண்ட நிறுத்துறேன். மீன்காரம்மா குடுப்பாங்க."

மீன்காரம்மா என் கையிலிருந்து பெட்டியை வாங்கித் தண்ணீரைக் கொட்டினார். ஒரு குழாய் நழுவி மீன் கழுவிய தண்ணீரில் விழுந்தது. அதைத் துடைத்துக் கைப்பையில் போட்டுக்கொண்டேன். அதற்குள் ஜோஸ்பின் போன் பண்ணினாள். நான் பேசி முடிப்பதற்குள் பெட்டி நிரம்பி மூடியும் போட்டாயிற்று. "சாயந்தரம் வரைக்கும் ஜில்லுனு இருக்கும்மா, போய்ட்டு வா," என்றார். இருபது ரூபாய்.

ரெட்டியார்பாளையம் நெரிசலைத் தாண்டிக் கல்லூரிக்குள் நுழைய 10.50. ஜோஸ்பினுக்கு 12 மணி வரை வகுப்பு. அவள் வந்து பெட்டியைத் திறந்தால் ஆறு குழாயும் கல் மாதிரி உறைந்திருந்தன.

"கல்லுப்பு போட்டுருக்காங்கடி, இங்க பாரு," என்றாள். உப்புப் போட்டால் ஐஸின் குளிர் இன்னும் கீழே இறங்கும். நல்ல மனசோடுதான் செய்திருக்கிறார், பாவம்.

உருக வைத்து, எண்பது டிகிரியில் சூடாக்கி, கஞ்சியில் கலந்தோம். பிறகு ஒரு சொட்டு அயோடின். கஞ்சி மிச்சம் இருந்தால் கருநீலம் ஆகும். ஆறிலும் கருநீலம். அப்படியானால் திலகா சொன்னதுதான் உண்மை. ஒன்பது வருடமும் போச்சு என்று நினைத்ததும் எனக்கு அழுகை வந்துவிட்டது.

"ஏழு கொண்டாறேன்னு சொன்ன, ஆறுதான இருக்குது?" என்றாள் ஜோஸ்பின்.

கைப்பையிலிருந்து ஏழாவதை எடுத்தேன். வெயிலில் வெதுவெதுப்பாகி, லேசாக மீன் நாற்றம் வேறு. அதிலும் செய்து பார்த்தோம். நீலமே வரவில்லை. இது ஒன்றுதான் உறையாத குழாய் என்று ஜோஸ்பினுக்குத்தான் முதலில் பட்டது. மிச்சமிருந்ததில் பாதியை உறைய வைத்து, உருக்கி, மறுபடி செய்தாள். கருநீலம்.

சூட்டுக்கு அசையாத என் என்சைம் உறைந்தால் செத்துவிடுகிறது. எங்கள் ஆய்வகத்தில் வாராவாரம் புதிதாகச் செய்து ஃபிரிட்ஜில்தான் வைப்போம், ஒருநாளும் உறைய வைத்ததில்லை. கோயம்புத்தூருக்கு மட்டும், எல்லோரும் செய்வதுபோல, உலர்பனியில் உறைய வைத்து அனுப்பியிருந்தேன். கட்டுரை நிற்கும், ஒரு திருத்தம் சேர்த்தால் போதும். அங்கேயே நாற்காலியில் சாய்ந்து ஒரு பெருமூச்சு விட்டேன். எட்டு மாதமாக நெஞ்சில் இருந்த பாரம் இறங்கிவிட்டது. அப்புறம்தான் பசி தெரிந்தது.

இதே வேலையாகப் போகிறவர்களுக்கு: கடல் பார்க்க வேண்டுமானால் போகும்போது இடப்பக்கம் உட்காருங்கள், பெட்டியை எஞ்சின் பக்கம் வைக்காதீர்கள். வழியில் ஒரு மணி நேரம் வீணாகும் என்று கணக்குப் போட்டுக் கிளம்புங்கள். ஐஸ் வாங்கினால் உப்பு வேண்டாம் என்று சொல்லுங்கள். எல்லாக் குழாயையும் ஒரே பெட்டியில் வைக்காதீர்கள்.

4.15 பேருந்து கிளம்புவதற்கு முன் திலகாவைப் போனில் கூப்பிட்டேன். நடந்ததைச் சொல்லி, "தப்பு என் பக்கம்தான் திலகா. வந்ததும் ஃப்ரீஸர்ல வைக்கவும்னு டப்பாமேல எழுதினதும் நான்தான்," என்றேன்.

"எட்டு மாசமா என் கையைத்தானுங்க மேடம் நான் சந்தேகப்பட்டுட்டு இருந்தேன்," என்றார்.

"நானும் உங்க கையைத்தான் சந்தேகப்பட்டேன்," என்று சொல்லிவிட்டேன். சொல்லாமல் பேருந்தில் ஏற மனம் வரவில்லை.

"தெரியுமுங்க," என்றார் திலகா.