ஏழாவது பொட்டலம்

கூடலூரில் விடிந்துகொண்டிருக்கிறது. வழிகாட்டி முருகேசனின் வீட்டு வாசலில் ஜீப் நிற்கிறது. கேரளக் கடற்கரைக் கிராமங்களின் வழியே நான்கு நாள் நடக்கப் போகும் குழுவில் நாங்கள் ஐந்து பேர். ஆறாவது ஆளுக்குக் காய்ச்சல். அந்த இடத்தில் முருகேசனின் மனைவி செல்வி வருகிறார். எட்டு வருடமாகக் கணவர் ஆட்களைக் கூட்டிப்போகும் கடலை அவர் பார்த்ததில்லை.

புதுச் சேலை, தலை நிறைய மல்லிகை. பையைப் பின்சீட்டில் வைத்துவிட்டுப் புளிச்சோற்றுப் பொட்டலங்களை என்னிடம் கொடுக்கிறார். அப்போது முருகேசனின் செல்போன் அடிக்கிறது. பேசி முடித்தவர் மனைவியின் முகத்தைப் பார்க்காமல் சொல்கிறார்.

"யாவாரி பேசுனாக. மழ வர்ற மாதிரி இருக்காம். இன்னைக்கே பழம் வெட்ட ஆள் அனுப்பிட்டாகளாம்."

அவர்களுடைய திராட்சைத் தோட்டத்தில் பழம் வெட்டும்போது வீட்டு ஆள் ஒருவர் பந்தலுக்குக் கீழே நிற்க வேண்டும். இல்லாவிட்டால் வியாபாரியின் ஆட்கள் நல்ல குலையாகப் பார்த்து வெட்டிக்கொண்டு மற்றதைக் கொடியிலேயே விட்டுவிடுவார்கள்.

"போன தடவ நடவு, இந்தத் தடவ பழமா?" செல்வி சிரிக்கிறார். "உங்க கடலுக்கு என்னையக் கண்டாலே ஆகாது போல."

பையை இறக்கிக்கொள்கிறார். நான் பொட்டலங்களை எண்ணுகிறேன். ஏழு. முருகேசனையும் சேர்த்து நாங்கள் ஆறு பேர்தான். ஒன்றைத் திருப்பி நீட்டுகிறேன்.

"அது என் சோறுதாங்க. கொண்டு போங்க. யாராச்சும் கடலப் பாக்க உக்காந்து சாப்பிடுங்க."

ஜீப் குமுளி மலையில் ஏறுகிறது. பொட்டலம் என் மடியில் இருக்கிறது. இலைக்குள் சூடு இன்னும் ஆறவில்லை.